கணக்கையே சாமியா கும்பிட்டா? பிதாகரஸ் கூட்டத்த பத்தி ஒரு எளிய விளக்கம்

அக்கா மக காலேஜ்ல ரெண்டாம் வருஷம் படிக்கா. காலேஜ் மலருக்கு ஒரு கதை எழுதுதா. கதையில ஒரு ஊரு, அந்த ஊர்ல எல்லாரும் கணக்கத்தான் கும்பிடுதாங்க, சிலை கிடையாது, கொடை கிடையாது, தேற்றந்தான் மந்திரம், அத தப்பா சொன்னா பாவம். போன ஞாயித்துக்கிழமை வீட்டுக்கு வந்தவ சாயா குடிச்சிட்டே "மாமா, இப்படி ஒரு மதம் நெசமாவே இருந்தா அதுல என்னெல்லாம் இருக்கும், எத வச்சு கும்பிடுவாங்க, எது பாவம், சாமி கோவிச்சுக்குமா"ன்னு வரிசையா கேட்டா. எனக்கு கையும் ஓடல காலும் ஓடல. நான் நாகர்கோவில்ல டியூஷன் எடுக்கிறவன், பத்தாங்கிளாஸ் பிள்ளைகளுக்கு வருஷா வருஷம் பிதாகரஸ் தேற்றம் நடத்துறேன், ஆனா அந்த மனுஷன் ஒரு மதக் கூட்டத்த உண்டாக்கினவருன்னு சொல்ல போர்ஷன் முடிக்கிற அவசரத்துல நேரமே கிடைக்காது. "மக்களே, நீ புதுசா யோசிக்க வேண்டாம், 2500 வருஷத்துக்கு முன்னாடியே ஒரு கூட்டம் இத வாழ்ந்து பாத்துட்டாங்க"ன்னு ஆரம்பிச்சவன் ரெண்டு மணி நேரம் பேசினேன். அதத்தான் கொஞ்சம் ஒழுங்குபடுத்தி இங்க எழுதுறேன். கணக்குன்னா பயம் உள்ளவங்களும் வாசிக்கலாம், எட்டாங்கிளாஸ் கணக்கு போதும்.

மொதல்ல ஒரு குழப்பத்த தீத்துருவோம். மதத்துக்குள்ள எண் வர்றது வேற, எண்ணே மதம் ஆகிறது வேற. நம்ம கன்னியாகுமரி வள்ளுவர் சிலையவே எடுத்துக்கிடுங்க. 2000 ஜனவரி 1-ல திறந்தது, மொத்த உயரம் 133 அடி, குறள்ல 133 அதிகாரம், இது எல்லாருக்கும் தெரியும். போட்ல போயி பாத்துட்டு வர்ற நெறைய பேரு கவனிக்காதது என்னன்னா, பீடம் மட்டும் 38 அடி, அறத்துப்பால் அதிகாரமும் 38. அதுக்கு மேல நிக்கிற சிலை 95 அடி, பொருட்பால் 70-ம் காமத்துப்பால் 25-ம் கூட்டுனா 95. அறத்துக்கு மேலதான் பொருளும் இன்பமும் நிக்கணும்ங்கிறத கணபதி ஸ்தபதி அடிக்கணக்காவே மாத்தி கல்லுல நிறுத்திட்டாரு. எனக்கு அத நெனச்சா இப்பவும் புல்லரிக்கும். ஆனா இங்க எண் ஒரு அடையாளந்தான், அது வேற ஒண்ண கை காட்டுது. ராமானுஜன் கதை இன்னொரு மாதிரி. நாமக்கல் நாமகிரி தாயார் கனவுல வந்து சூத்திரம் காட்டுறதா சொன்னவரு அவரு, அதாவது சாமி ஒரு பக்கம் இருக்கு, கணக்கு ஒரு பக்கம் இருக்கு, சாமி கணக்க தருது. பிதாகரஸ் கூட்டம் இந்த ரெண்டுலயும் சேராது. ஊரு சாமிகள அவங்க விட்டுடல, அப்போலோவ கும்பிட்டாங்க, ஆனா இந்த உலகம் எதால ஆனதுன்னு கேட்டா மண்ணு தண்ணி நெருப்புன்னு சொல்லாம "எண்ணால"ன்னு சொன்னாங்க. எண்ண தெரிஞ்சுக்கிறதுதான் ஆத்மாவ சுத்தம் பண்ற வழின்னும் நம்பினாங்க. கணக்கு போடுறதே வழிபாடு, அங்கதான் இது மதம் ஆகுது.

ஆளு யாருன்னு சுருக்கமா. கிமு 570 வாக்குல சாமோஸ்ங்கிற கிரேக்க தீவுல பிறந்தவரு, நாப்பது வயசு வாக்குல குரோட்டன்ங்கிற ஊருக்கு குடி போனாரு, அது இப்போ இத்தாலியில இருக்கு, தேசத்தோட தெக்கு மூலையில கடலோரமா, நம்ம மாவட்டம் மாதிரின்னு வச்சுக்கிடுங்க. அங்கதான் கூட்டம் சேந்துச்சு, சொத்து பொது, சாப்பாடு ஒண்ணா, பெண்களையும் சேத்துக்கிட்டாங்க, பிற்காலத்து பட்டியல் ஒண்ணுல 17 பெண்கள் பேரு இருக்கு, அந்த காலத்துக்கு அது சின்ன விஷயம் இல்ல. ஒண்ண மட்டும் மனசுல வச்சுக்கிடுங்க, பிதாகரஸ் எழுதினதுன்னு ஒரு வரி கூட நம்ம கைக்கு வரல. அவரப் பத்தின விரிவான கதைகள எழுதினவங்க எழுநூறு எண்ணூறு வருஷம் கழிச்சு வந்தவங்க. அதனால எது நடந்தது, எது பக்தர்கள் கட்டிவிட்டதுன்னு பிரிச்சு பிரிச்சுதான் பாக்கணும். அவரு பேருல நாம படிக்கிற தேற்றம் கூட அவருக்கு ஆயிரம் வருஷம் முன்னாடியே பாபிலோன் களிமண் பலகையில கணக்கா இருக்கு, நம்ம பக்கம் வேள்வி மேடை கட்டுறதுக்கு எழுதின சுல்ப சூத்திரத்துலயும் இருக்கு. சுல்பம்னா கயிறு. கயிறு பிடிச்சு அளக்கிற கணக்கு.

சரி, ஒரு மனுஷனுக்கு எண்ண பாத்து பக்தி எப்படி வரும்? எனக்கு இதுக்கு பதில் சுசீந்திரத்துல கிடைச்சுது. சின்ன வயசுல தாத்தா கூட தாணுமாலயன் கோயிலுக்கு போறப்போ அந்த இசைத்தூண்கிட்ட என் காத ஒட்ட வைக்க சொல்லி தட்டி காட்டுவாரு. ஒரே கல்லுல செதுக்கின மெல்லிசு தூண்கள், ஒண்ண தட்டுனா ஒரு சத்தம், பக்கத்துல உள்ளத தட்டுனா வேற சத்தம். கல்லு பாடுது. அப்போ எனக்கு தோணுனது பயம் கலந்த ஒரு சந்தோஷம், அவ்வளவுதான், விளக்க தெரியாது. பிதாகரஸ் கூட்டத்துக்கு அந்த உணர்வு ஒரு கம்பியில வந்துது.

வீட்டுல கிட்டார் இருந்தா நீங்களே செஞ்சு பாக்கலாம், நம்ம ஊர்ல சர்ச் கொயர்ல வாசிக்கிற பிள்ளைக யார் கிட்டயாவது கண்டிப்பா இருக்கும். கம்பி 65 சென்டிமீட்டர்னு வைங்க. சும்மா மீட்டுனா ஒரு சுரம், அத ச-ன்னு வச்சுக்கிடுவோம். சரி பாதியில, அதாவது பன்னெண்டாவது ஃப்ரெட்ல அழுத்தி மீட்டுனா அதே ச மேல் ஸ்தாயியில கேக்கும். கம்பியில மூணுல ரெண்டு பங்கு அதிர விட்டா பஞ்சமம், ப. நாலுல மூணு பங்குன்னா மத்யமம், ம. காதுக்கு எந்த ஜோடி இனிக்குதோ அந்த ஜோடி எல்லாம் 2-க்கு 1, 3-க்கு 2, 4-க்கு 3. இத கொஞ்சம் நின்னு யோசிங்க. காது எண்ணுறதில்ல. ஒரு பச்சப்புள்ளைக்கும் எண்ணத் தெரியாது, தாலாட்டு கேட்டா தூங்குது. நம்ம மனசுல வர்ற இனிமை வெளியில கிடக்கிற ஒரு கம்பியோட நீளத்துல சின்ன சின்ன முழு எண்ணா உக்காந்திருக்கு. இத மொதல் தடவ கண்டுபிடிச்சவன் "அப்போ வானமும் இப்படித்தானா, உடம்பும் இப்படித்தானா, நல்லது கெட்டதும் இப்படித்தானா"ன்னு கேக்காம இருப்பானா? அவங்க கேட்டாங்க. கிரகங்கள் சுத்துறதுலயும் ஒரு இசை இருக்குன்னு சொன்னாங்க, நீதின்னா வர்க்க எண், ஏன்னா சமமும் சமமும் பெருக்கினது, கல்யாணம்னா 5, ஏன்னா ரெண்டு பெண் எண், மூணு ஆண் எண், ரெண்டும் கூடுனா 5. இதுல பாதி இன்னிக்கு கேக்க விளையாட்டா தெரியும், ஆனா தொடங்கின இடம் விளையாட்டு இல்ல, அந்த கம்பி.

(சுசீந்திரம் தூணுக்கு கம்பி கணக்கு அப்படியே பொருந்தாது, அதையும் சொல்லிடுறேன். ஒரே தடிமன் உள்ள தண்டுல நீளத்த பாதியாக்கினா அதிர்வு ரெண்டு மடங்கு ஆகாது, கிட்டத்தட்ட நாலு மடங்கு ஆகும். அத கல்லுல, அதுவும் உளி வச்சு பிடிச்சவங்கள நான் மனசால கும்பிடுறேன்.)

அவங்களோட சின்னம் எதுன்னா பத்து புள்ளி. வீட்டுல புளியங்கொட்டை இருந்தா எடுத்துக்கிடுங்க. மேல ஒண்ணு, அதுக்கு கீழ ரெண்டு, அதுக்கு கீழ மூணு, கடைசியில நாலு. முக்கோணமா நிக்கும், மொத்தம் பத்து. டெட்ராக்டிஸ்னு பேரு. இது மேலதான் சத்தியம் பண்ணுவாங்க. ஏன் இதுக்கு இவ்வளவு மரியாதைன்னா எல்லாமே இதுக்குள்ள இருக்கு: ஒரு கொட்டைன்னா புள்ளி, ரெண்டு கொட்டைய சேத்தா கோடு, மூணுன்னா முக்கோணம், நாலுன்னா மூணு கொட்டை மேல ஒண்ண தூக்கி வச்ச கூம்பு மாதிரி, அதாவது கன உருவம். புள்ளியில இருந்து உலகம் வரைக்கும் நாலு வரியில முடிஞ்சுது. அப்புறம் அடுத்தடுத்த வரிய பாருங்க, 1-ம் 2-ம், 2-ம் 3-ம், 3-ம் 4-ம், அதே இசை விகிதம். எங்க அம்மா மார்கழியில புள்ளி வச்சு கோலம் போடுறப்போ 1, 2, 3, 4ன்னு வரிசை வச்சு தொடங்குவா, இத படிச்ச பிறகு எனக்கு அந்த வாசல கடந்து போறப்போ கால் தயங்கும்.

கொட்டைய கலைச்சிட்டு இன்னொண்ணு செய்ங்க. ஒரு கொட்டை வைங்க. அத சுத்தி எல் வடிவத்துல 3 கொட்டை, ரெண்டுக்கு ரெண்டு சதுரம் ஆச்சு. அதுக்கு வெளிய எல் வடிவத்துல 5, மூணுக்கு மூணு. அடுத்து 7, நாலுக்கு நாலு. ஒத்தப்படை எண்ண வரிசையா கூட்டிட்டே போனா எப்பவும் சதுரந்தான் வரும், நூறு வரி போனாலும் மாறாது, ராஜா சொன்னாலும் மாறாது. இத நான் பிள்ளைகளுக்கு போர்டுல எழுதி காட்டுனா கொட்டாவி விடுவாங்க, கொட்டைய கையில கொடுத்தா கண்ணு விரியும். அந்த எல் வடிவத்துக்கு கிரேக்கத்துல உள்ள பேரு நோமோன், அது ஆசாரி வச்சிருக்கிற மூலைமட்டத்துக்கும் உள்ள பேரு. அதாவது இந்த சாமி தச்சுப்பட்டறையில இருந்து வந்த சாமி.

மதம்னா விதி இருக்கும்ல, இருந்துச்சு, அதுவும் கண்டபடி. பயறு தின்னக்கூடாது. கீழ விழுந்த சாப்பாட்ட பொறுக்கக்கூடாது. கத்திய வச்சு நெருப்ப கிளறக்கூடாது. தராசு கம்ப தாண்டக்கூடாது. பயறு ஏன்னு ஆளாளுக்கு ஒரு காரணம் பழைய காலத்துலயே சொல்லியிருக்காங்க. அது நம்ம சிறுபயறு இல்ல, அந்த பக்கத்து பெரிய பயறு, அத தின்னா பிறவியிலேயே ஒரு குறை உள்ள சில பேருக்கு ரத்த சிவப்பணு உடையும், அதனாலதான் விலக்கியிருப்பாங்கன்னு இப்போ உள்ள சிலர் சொல்லுவாங்க. மறுபிறவி நம்பிக்கையும் உண்டு, அது நல்லா சாட்சி உள்ள விஷயம், ஏன்னா அவரு காலத்துலயே வாழ்ந்த செனோபனஸ்ங்கிற கவிஞர் அத வச்சு ஒரு கதை சொல்லியிருக்காரு: யாரோ ஒரு நாய்க்குட்டிய அடிக்கிறான், பிதாகரஸ் ஓடி போயி "அடிக்காத, அது என் நண்பனோட உயிரு, குரல வச்சு தெரியுது"ங்கிறாரு. அந்த கவிஞர் கேலிக்குத்தான் சொன்னாரு. எனக்கு அதுல கேலி தெரியல, குரல்ல ஆள அடையாளம் பாக்கிற காது அது, கம்பியில எண்ண கேட்ட அதே காது.

இப்போ முக்கியமான இடத்துக்கு வாறேன், அக்கா மகளுக்கு நான் அழுத்தி சொன்ன இடம். இந்த கூட்டம் ரெண்டா பிரிஞ்சுது. ஒரு பக்கத்துக்கு பேரு கேக்கிறவங்க, இன்னொரு பக்கத்துக்கு பேரு கத்துக்கிறவங்க. கேக்கிறவங்க குரு சொன்னத அப்படியே மனப்பாடம் பண்ணி விதிய காப்பாத்துனாங்க, "அவரே சொன்னாரு"ன்னா அதோட பேச்சு முடிஞ்சுது. கத்துக்கிறவங்க "ஏன் அப்படி"ன்னு நிரூபணம் தேடுனாங்க. கத்துக்கிறதுக்கு உள்ள அந்த கிரேக்க சொல்லுல இருந்துதான் மேத்ஸ்ங்கிற பேரே வந்துது. ரெண்டு பேரும் ஒரே மதம், ஒரே பத்து புள்ளி, ஆனா ஒருத்தன் கிட்ட இருக்கிறது நம்பிக்கை, இன்னொருத்தன் கிட்ட இருக்கிறது கணக்கு.

கேக்கிறது மட்டும் இருந்தா என்ன ஆகும்ங்கிறதுக்கு ஒரு கதை. பிதாகரஸ் ஒரு கொல்லப்பட்டறை வழியா போனாராம், சுத்தியல் சத்தம் சுரமா கேட்டுதாம், உள்ள போயி நிறுத்து பாத்தா எடை 12, 9, 8, 6ன்னு இருந்துதாம். அழகான கதை, ஆயிரம் வருஷத்துக்கும் மேல புத்தகத்துல இருந்து புத்தகத்துக்கு எழுதிட்டே வந்தாங்க. தப்பு. சுத்தியல் எடைய பாதியாக்கினா சத்தம் மேல் ஸ்தாயிக்கு போகாது. கம்பியில எடை கட்டி தொங்கவிட்டா கூட ரெண்டு மடங்கு எடை போதாது, மேல் ஸ்தாயி ச வரணும்னா நாலு மடங்கு கட்டணும். இத 16-ம் நூற்றாண்டுல கலிலியோவோட அப்பா வின்சென்சோ, அவரு இசைக்காரரு, செஞ்சு பாத்து சொன்னாரு. வடசேரி பக்கம் ஏதாவது பட்டறையில போயி ரெண்டு சுத்தியல தட்டி பாத்திருந்தா அன்னிக்கே தெரிஞ்சிருக்கும், அவ்வளவு வருஷம் யாரும் தட்டல.

இன்னொரு கதை இத விட நுணுக்கம். பிலோலாஸ்னு அந்த வழியில வந்தவரு, கிமு 5-ம் நூற்றாண்டு. வானத்துல என்னெல்லாம் சுத்துதுன்னு எண்ணுறாரு: நட்சத்திர மண்டலம் ஒண்ணு, கிரகம் அஞ்சு, சூரியன், சந்திரன், பூமி, மொத்தம் ஒம்பது. ஆனா பத்துதான முழுமை? அதனால நம்ம கண்ணுக்கு எப்பவும் தெரியாத எதிர்ப்பூமின்னு ஒண்ண சேத்துட்டாங்க, பத்து ஆயிட்டு. பத்து ஆக்கணும்ங்கிறதுக்காகத்தான் இத உண்டாக்கினாங்கன்னு அரிஸ்டாட்டில் குத்தி காட்டுறாரு. நியாயமான குத்துதான். ஆனா அதே பிலோலாஸ்தான் பூமிய நடுவுல இருந்து எடுத்து ஒரு நெருப்ப சுத்தி ஓடவிட்டவரு, 1543-ல கோப்பர்நிக்கஸ் தன் புத்தகத்துல அவரு பேர சொல்லுறாரு. ஒரே ஆளு பக்தியில தப்பாவும் போறாரு, எல்லாருக்கும் முன்னாடியும் போறாரு. கணக்கு மதம்னா இது ரெண்டும் ஒண்ணாத்தான் வரும்.

இனி அந்த இடி விழுந்த கதை. அவங்க நம்பிக்கைய ஒரு வரியில சொன்னா, எந்த ரெண்டு நீளத்த எடுத்தாலும் ரெண்டையும் மிச்சமில்லாம அளக்கிற ஒரு குச்சி எங்கயாவது இருக்கும். குச்சி எவ்வளவு சின்னதுன்னாலும் பரவால்ல. அதுல ஏழு தடவ, இதுல அஞ்சு தடவன்னு முழு எண்ணுல வந்துரும். உலகம் எண்ணால ஆனதுன்னா அப்படித்தான இருக்கணும்.

போன வருஷம் தக்கலை பக்கம் சொந்தக்காரரு வீட்டுக்கு வானம் தோண்ட கயிறு கட்டுறப்போ நான் நின்னேன். கொத்தனார் ஒரு பக்கம் 3 அடியில ஆணி, மறு பக்கம் 4 அடியில ஆணி, குறுக்கே டேப் பிடிச்சாரு, 5 அடி சரியா வந்தா மூலை மட்டம், வரலன்னா கயிற பைய நகட்டுவாரு. அவருக்கு பிதாகரஸ் பேரு தெரியாது, அவரு அப்பா சொல்லி கொடுத்தது. 3, 4, 5, எல்லாம் முழு எண், பத்து புள்ளி சாமி இருந்தா சிரிச்சிருக்கும். நான் சும்மா இருக்காம "ரெண்டு பக்கமும் ஒரே அளவு வச்சா குறுக்கு எவ்வளவு வரும்"னு கேட்டேன். "பத்துக்கு பத்துன்னா 14 அடி ஒண்ணேமுக்கால் இஞ்சுக்கு கொஞ்சம் கம்மி, அது ஒரு நாளும் ரவுண்டா வராது சார்"ன்னாரு. அது ஒரு நாளும் ரவுண்டா வராது. அந்த ஒரு வாக்கியந்தான் கிரேக்க மதத்த உலுக்குனது.

ஏன் வராதுன்னு பாப்போம், பயப்படாதீங்க, ஒத்தப்படை ரெட்டைப்படை தெரிஞ்சா போதும். ஒரு சதுர ஓடு எடுங்க. பக்கத்தையும் மூலைக்கு மூலையையும் மிச்சமில்லாம அளக்கிற குச்சி இருக்குன்னே வச்சுக்கிடுவோம். இருக்கிறதுலயே பெரிய குச்சிய எடுப்போம். அப்போ பக்கத்துல அது எத்தன தடவ, குறுக்குல எத்தன தடவங்கிற ரெண்டு எண்ணும் ஒண்ணா ரெட்டைப்படையா இருக்க முடியாது, அப்படி இருந்தா குச்சிய ரெண்டு மடங்கு பெருசாக்கிருக்கலாமே. இத மனசுல பிடிச்சுக்கிடுங்க. இப்போ தேற்றப்படி குறுக்கோட வர்க்கம், பக்கத்தோட வர்க்கத்துக்கு ரெண்டு மடங்கு. ரெண்டு மடங்குன்னாலே ரெட்டைப்படை. ஒத்தைய ஒத்தையால பெருக்கினா ஒத்தைதான் வரும், அதனால குறுக்கு எண் ரெட்டைப்படை. ரெட்டைப்படையோட வர்க்கம் நாலால வகுபடும். அப்போ பக்கத்து வர்க்கம் அதுல பாதி, அது ரெண்டால வகுபடும். அப்போ பக்கத்து எண்ணும் ரெட்டைப்படை. ரெண்டும் ரெட்டைப்படை ஆயிட்டு! ஆகவே முடியாதுன்னு மேல சொன்னோமே. அப்போ குச்சியே இல்ல. தேடி கிடைக்கலன்னு இல்ல, இருக்கவே முடியாது.

கிட்ட கிட்ட போகலாம், அதுதான் இன்னும் வேதனை. 7-ஓட வர்க்கம் 49, 5-ஓட வர்க்கத்துக்கு ரெண்டு மடங்கு 50, ஒண்ணு குறையுது. 17-க்கு 289, 12-க்கு ரெண்டு மடங்கு 288, ஒண்ணு கூடுது. 41-க்கு 1681, 29-க்கு 1682. 99-க்கு 9801, 70-க்கு 9800. இப்படி முடிவில்லாம போகலாம், எப்பவும் ஒண்ணு, ஒரே ஒரு புளியங்கொட்டை இடிக்கும். அத ராத்திரி உக்காந்து அடுக்கி பாத்த ஒரு பக்தன நெனச்சு பாருங்க.

ஹிப்பாசஸ்னு ஒருத்தன் ரகசியத்த வெளிய சொன்னதுக்காக கடல்ல மூழ்கி செத்தான்னு கதை உண்டு. என்ன ரகசியம்ங்கிறதுலயே பழைய ஆளுங்களுக்குள்ள ஒத்துமை இல்ல, சிலர் இந்த அளக்க முடியாத நீளம்ங்கிறாங்க, சிலர் பந்துக்குள்ள 12 ஐங்கோண முகம் உள்ள உருவத்த அடக்குற முறைங்கிறாங்க, கூட்டத்து ஆளுங்க தள்ளிவிட்டாங்களா சாமி தண்டனையாங்கிறதும் ஆளுக்கொரு மாதிரி. நடந்துச்சோ இல்லியோ, கதை ஏன் அப்படி உண்டாச்சுன்னு எனக்கு புரியுது. மத்த மதத்துல குறை சொல்லுறவன் வெளியில இருந்து வருவான், அவன திட்டலாம், ஊர விட்டு விலக்கலாம். இங்க வந்த சேதி வழிபாட்டுக்கு உள்ள இருந்தே வந்துது. அவங்க எத ஜெபம்னு நெனச்சு பண்ணினாங்களோ அந்த நிரூபணமே அவங்க வேதத்தோட மொத வரி தப்புன்னு சொல்லிட்டு. ஆள முக்குனாலும் ஒத்தையும் ஒத்தையும் பெருக்கினா ஒத்தைதான்.

கேக்கிறவங்க கூட்டம் பைய பைய மறைஞ்சுது. கத்துக்கிறவங்க வழியில வந்தவங்க, குறுக்க பக்கத்தால வகுத்தா வர்ற அந்த எண்ண, இன்னிக்கு நாம ரூட் 2ன்னு சொல்லுறோமே, அத வச்சே மேல போனாங்க, தாரந்தம் ஊரு ஆர்கிடஸ் கிட்ட படிச்ச யூடாக்சஸ், அளக்க முடியாத நீளத்தையும் சேத்து கையாளுற விகித முறைய உண்டாக்கினாரு. உலகம் முழு எண்ணால ஆனதுங்கிறது போச்சு, உலகத்துக்குள்ள கணக்கு இருக்குங்கிறது போகல. அந்த எண் இப்போ நம்ம கூடவே கிடக்கு. ஏ4 பேப்பர் 210 மில்லிமீட்டர் அகலம், 297 நீளம், வகுத்து பாருங்க, 1.414, ரூட் 2. பாதியா மடிச்சாலும் அதே வடிவம் வரணும்னா அந்த எண்ணத் தவிர வேற எதுவும் ஒத்துவராது. ஜெராக்ஸ் கடையில ஏ3-ய ஏ4 ஆக்குறதுக்கு மிஷின்ல 71 சதவீதம்னு வருதே, அது ஒண்ண ரூட் 2-ஆல வகுத்தது.

ஒரு விஷயத்துல எனக்கு கோவம் வரும், அதையும் சொல்லிடுறேன். பிதாகரஸ் முறை நியூமராலஜின்னு சொல்லி ஏ-க்கு 1, பி-க்கு 2ன்னு இங்கிலீஷ் எழுத்துக்கு எண் போட்டு பேர மாத்த சொல்லுறாங்க. அவரு காலத்துல இங்கிலீஷ்னு ஒரு பாஷையே கிடையாது. அத விடுங்க, கல்யாணத்துக்கு 5ன்னு அந்த கூட்டமும் சொல்லிச்சேன்னு கேப்பீங்க. சொல்லிச்சு. ஆனா அவங்க எண்ணுக்கு முன்னால குனிஞ்சாங்க, தங்களுக்கு வேண்டியத தரச் சொல்லி எண்ண வேலைக்காரன் ஆக்கல. ஒரு பிள்ளைக்கு மார்க் வரணும்னு பேருல ரெண்டு எழுத்து கூட்டி எழுத சொல்லுறதுக்கும், அதே பிள்ளை கையில பத்து புளியங்கொட்டைய கொடுக்கிறதுக்கும் உள்ள தூரம் ரொம்ப பெருசு.

நம்ம மாவட்டத்துலயே கணக்குக்கு மதத்துக்குள்ள பெரிய இடம் கொடுத்தவங்க இருந்திருக்காங்க. மார்த்தாண்டம் பக்கம் சிதறால் மலை ஏறியிருக்கீங்களா, பாறையில தீர்த்தங்கரர் உருவம் வரிசையா இருக்கும், ஆயிரம் வருஷத்துக்கு மேல பழசு, சமண முனிவர்கள் இருந்த இடம். சமணத்துல ஆகம அறிவ நாலா பிரிப்பாங்க, அதுல ஒண்ணு கணிதானுயோகம், கணக்குதான். எண்கள எண்ணக்கூடியது, எண்ண முடியாதது, முடிவே இல்லாததுன்னு பிரிச்சு, முடிவில்லாததுக்குள்ளேயும் வகை பாத்தவங்க. அந்த பாறையில உக்காந்து யாராவது இந்த கணக்க யோசிச்சிருப்பாங்களான்னு நான் ஒவ்வொரு தடவ ஏறுறப்பவும் நெனப்பேன், சாயங்காலம் அங்க காத்து அடிக்கிற அழகு இருக்கே, கொள்ளாம்.

அக்கா மக எல்லாத்தையும் எழுதிட்டு ரொம்ப நேரம் பேசாம இருந்தா. அப்புறம் வாட்ஸ்அப்ல ராத்திரி அனுப்புனா, அவ ஊரு கோயிலுக்கு சிலை வேண்டாமாம், தரை போதுமாம். தரை பூரா ஒரு அடி சதுர ஓடு. பக்தருங்க ஓட்டோட ஓரமாத்தான் நடக்கணும், ஒவ்வொரு அடியும் எண்ணி எண்ணி, மூலைக்கு மூலை நடக்கிறது பெரிய பாவம், ஏன்னு யாருக்கும் தெரியாது, கேட்டா "அவரே சொன்னாரு"ம்பாங்க. நான் "அப்புறம்?"னு கேட்டேன். "ஒரு சின்னப்புள்ள, மாமா. அம்மா அந்த பக்கம் நிக்கா, இவ இந்த பக்கம். அவ குறுக்கே ஓடுதா."